கூத்து வீடியோவில் மத்தளச் சத்தம் போகப்போகப் பிந்துகிறது

வாவிக்கரைப் பிள்ளை (கன்னங்குடா):
அண்ணாமார், அக்காமார், ஓர் உதவி. எங்கள் ஊரில் 1990களில் ஆடிய வடமோடிக் கூத்து ஒன்றின் வி.எச்.எஸ். கசெட் வீட்டில் இருக்கிறது. சித்தப்பாதான் அதில் மத்தளம். யூ.எஸ்.பி. கருவி ஒன்றை வாங்கி, டெக்கிலிருந்து கணினிக்கு எடுத்தேன். படம் அந்தக் கருவி வழியாக வந்தது, சத்தத்துக்குக் கணினியின் மைக் துளையில் வயரைக் குத்தினேன். வி.எல்.சி. பிளேயரில் ஓட்டினால் தொடக்கம் ஓரளவு சரி. ஒரு மணித்தியாலம் போனபின் கால் தரையில் பட்டு முடிந்த பிறகுதான் சதங்கை கேட்கிறது. ஜே விசையை அழுத்திச் சரிக்கட்டினாலும் கொஞ்ச நேரத்தில் திரும்பவும் பிந்துகிறது. இந்த முறை பிள்ளைகளுக்குச் சட்டம், அதாவது அவரவர் பாட்டும் வசனமும் எழுதிய கொப்பி, கொடுத்தாயிற்று. பாத்திரம் அரங்குக்கு வரும்போது ஆடும் வரவு ஆட்டத்தை இதைப் பார்த்துத்தான் பழகப் போகிறார்கள். தாளமும் காலும் சேராத வீடியோவை அவர்கள் கையில் கொடுக்க மனம் வரவில்லை.

கல்முனை வாசகன்:
புளூடூத் ஸ்பீக்கரிலா கேட்கிறீர்கள்? அதில் சத்தம் எப்போதுமே கொஞ்சம் பிந்தித்தான் வரும். வயர் ஹெட்போனில் ஒருமுறை பாருங்கள்.

அக்கரைப்பற்று ஸ்டூடியோ:
தம்பி சொன்னது நல்ல யோசனை, ஆனால் புளூடூத் தாமதம் படம் முழுக்க ஏறக்குறைய ஒரே அளவில் நிற்கும். தங்கச்சியின் வீடியோவில் அது வளர்கிறது. ஜே, கே விசைகள் சத்தத்தை ஒட்டுமொத்தமாக 50 மில்லி செக்கன் முன்னே பின்னே தள்ளுமே தவிர, வளர்கிற பிசகைப் பிடிக்காது. அடுத்த கோப்பைத் திறந்தால் அந்தத் திருத்தமும் போய்விடும்.

முதலில் அளந்து பாருங்கள், அதற்கு உங்கள் சித்தப்பாவின் கையே போதும். மத்தளத்தில் உள்ளங்கை விழுவது தெளிவாகத் தெரிகிற மூன்று இடங்களை எடுங்கள்: தொடக்கத்தில் ஒன்று, நடுவில் ஒன்று, கடைசியில் ஒன்று. ஒவ்வொன்றிலும் அடியும் சத்தமும் சேரும்வரை ஜே அழுத்தி, திரையில் காட்டும் எண்ணைக் குறியுங்கள். கை எந்தப் பிரேமில் தோலைத் தொடுகிறது என்று பார்க்க ஈ விசை உதவும், அது ஒவ்வொரு பிரேமாக நகர்த்தும். நம் நாட்டு வி.எச்.எஸ். பால் (PAL) எனும் வீடியோ முறை, செக்கனுக்கு 25 பிரேம். அதாவது ஒரு பிரேம் 40 மில்லி செக்கன்.

எண் சீராக ஏறினால் காரணம் அநேகமாக அந்த மைக் துளைதான். படத்தை யூ.எஸ்.பி. கருவியின் மணிக்கூடும் சத்தத்தைக் கணினியின் மணிக்கூடும் அளக்கின்றன, இரண்டும் துல்லியமாக ஒன்றாக ஓடுவதில்லை. ஓரிடத்தில் திடீரென்று பாய்ந்தால் அது வேறு கதை: பூஞ்சணம் பிடித்த ரேப்பில் (கசெட் நாடாவில்) படம் உடையும் இடங்களில் கருவி பிரேம்களைத் தவறவிட்டிருக்கும். அப்போது திரும்ப எடுப்பதே நல்லது.

சத்தம் 45 மில்லி செக்கன் முந்தினாலோ 125 பிந்தினாலோ ஆட்கள் கவனிக்கத் தொடங்குவார்கள் என்று சர்வதேச தொலைத்தொடர்பு ஒன்றியத்தின் ஒளிபரப்புப் பரிந்துரை சொல்கிறது. அது பேச்சுக்குச் சரி. ஆட்டம் பழகும் பிள்ளைக்கு 125 அதிகம் என்பது என் எண்ணம். வேகமான தாளக்கட்டில் கால் தப்பாகவே பழகிவிடும், பிறகு கூத்துப் பழக்கும் அண்ணாவியார்தான் அதைத் திருத்தப் பாடுபட வேண்டும்.

வாவிக்கரைப் பிள்ளை:
அளந்தேன் அண்ணன், வயர் ஹெட்போனில்தான். தொடக்கத்தில் மைனஸ் 100, அரை மணித்தியாலத்தில் மைனஸ் 700, ஒரு மணித்தியாலத்தில் மைனஸ் 1300. பாய்ச்சல் எங்கேயும் இல்லை. ஆனால் தொடக்கத்திலேயே ஏன் 100?

அக்கரைப்பற்று ஸ்டூடியோ:
கமெரா எங்கே நின்றது? கூத்தாடும் களரியைச் சுற்றிய கூட்டத்துக்குப் பின்னால் நின்று சூம் பண்ணி எடுத்திருந்தால், கமெராவின் மைக்குக்குச் சத்தம் வந்து சேரவே நேரம் எடுக்கும். செக்கனுக்கு ஏறக்குறைய 340 மீட்டர்தான் அதன் வேகம், 34 மீட்டர் தூரத்துக்கு 100 மில்லி செக்கன் போய்விடும்.

மற்றது சீராக ஏறுகிறது, நல்ல செய்தி. 3600 செக்கனில் 1.2 செக்கன், கிட்டத்தட்ட 0.033 சதவீதம். கோப்பின் சத்தத்தை மட்டும் ஓடாசிட்டி என்ற சத்தம் திருத்தும் மென்பொருளில் திறந்து, முழுவதையும் தெரிவுசெய்து, வேகத்தை மாற்றும் எஃபெக்டில் சதவீதம் 0.033 என்று கொடுங்கள். சுருதியும் அதே அளவு ஏறும், ஆனால் எந்தக் காதுக்கும் அது தெரியாது. அதைத் தனிக் கோப்பாகச் சேமித்து, எம்.கே.வி. டூல்நிக்ஸ் என்ற மென்பொருளில் பழைய படத்தோடு சேருங்கள், பழைய சத்தத்தின் டிக்கை எடுத்துவிடுங்கள். புதிய சத்தத்துக்கு டிலே (தாமதம்) மைனஸ் 100. படம் மறுபடி என்கோட் ஆகாது, தரம் அப்படியே இருக்கும்.

வாவிக்கரைப் பிள்ளை:
கமெரா கோயில் வாசலடியில், கூட்டத்துக்குப் பின்னால்தான் நின்றதாம். சித்தப்பா சொன்னார். நீங்கள் சொன்னபடி செய்து, கடைசி வரவையும் ஓட்டிப் பார்த்தேன். ஒவ்வொரு மிதிக்கும் சதங்கை அந்த இடத்திலேயே விழுகிறது! மிச்சக் கூத்து இரண்டாவது கசெட்டில் இருக்கிறது அண்ணன்.

அக்கரைப்பற்று ஸ்டூடியோ:
அதை எடுக்கும்போது மைக் துளையை விடுங்கள். அந்த யூ.எஸ்.பி. கருவியிலேயே சிவப்பு, வெள்ளைத் துளைகள் இருந்தால் சத்தத்தையும் அதிலேயே குத்துங்கள், இந்தக் கணக்கெல்லாம் அநேகமாகத் தேவைப்படாது. பூஞ்சணம் தெரிந்தால் டெக்கில் போட வேண்டாம், முதலில் ஒரு படம் எடுத்து இங்கே போடுங்கள். முதல் கசெட்டின் திருத்தாத மூலக் கோப்பையும் அழிக்காமல் வேறொரு டிஸ்கில் வையுங்கள்.