மறு: கால்பந்துக் காயத் துண்டறிக்கை – ‘அடக்டர்’ தசைக்கு ‘இடுக்குதசை’ சரிவருமா?

அன்புள்ள நண்பர்களுக்கு,

கால்பந்து ஆடும் பையன்களுக்காக நாம் தமிழில் கொண்டுவரும் கவட்டுக் காயத் துண்டறிக்கையின் சொற்களைப் பற்றிய மடலிழை முழுவதையும் இன்று காலைதான் உட்கார்ந்து படித்தேன். ஒவ்வொன்றாக வருகிறேன்.

> கவட்டை என்ற சொல் வேண்டாம், பொதுவில் சொல்லக் கூசும். ‘தொடையிடுக்கு’ போதும்.

ஐயா, கூச்சம் புரிகிறது. ஆனால் மைதானத்தில் பையன்கள் “அண்ணே, கவட்டைல புடிச்சிருக்கு” என்றுதான் சொல்கிறார்கள். வலிக்கிறவன் வாயில் வரும் சொல்லை விட்டுவிட்டு நாம் ஒன்றை அச்சடித்தால், அவன் அந்தத் தாளை மடித்துப் பையில் போட்டுக்கொள்வான், அவ்வளவுதான். மரக்கிளை இரண்டாகப் பிரியும் இடம் கவடு. உண்டிவில்லுக்கு வெட்டுகிற குச்சி கவட்டை. இதில் ஆபாசம் எங்கே இருக்கிறது? தொடையிடுக்கு என்றால் எங்கள் பக்கம் நெறி கட்டுவதுதான் முதலில் நினைவுக்கு வரும். வீடு, வீட்டுவேலை என்பதுபோல கவடு, கவட்டுவலி. எழுதவும் சிக்கல் இல்லை.

> ‘ஸ்போர்ட்ஸ் ஹெர்னியா’வை ‘விளையாட்டுக் குடலிறக்கம்’ என்று பெயர்த்திருக்கிறேன்.

இதை மட்டும் எடுத்துவிடுங்கள், கெஞ்சிக் கேட்கிறேன். என் அக்கா மகன் வலப்பக்க முன்கள ஆட்டக்காரன். கவட்டில் வலி என்று போனபோது ஒரு மருத்துவமனையில் இந்தப் பெயரைத்தான் சீட்டில் எழுதிக் கொடுத்தார்கள். அக்காவுக்குக் குடல் இறங்கிவிட்டது என்றே புரிந்தது. இரண்டு மாதம் அவனைத் தண்ணீர்க்குடம் தூக்கக்கூட விடவில்லை. உண்மையில் இந்த வலியில் பெரும்பாலும் குடல் எதுவும் இறங்கியிருப்பதில்லை.

ஆங்கிலத்திலேயே இந்தப் பெயரைக் கைவிடச் சொல்லியாகிவிட்டது. 2014 நவம்பரில் கத்தாரின் தோகாவில் 14 நாடுகளைச் சேர்ந்த 24 வல்லுநர்கள் கூடி, விளையாட்டு வீரர்களின் கவட்டுவலிக்கு என்ன பெயர் வைப்பது என்பதற்காகவே ஒரு நாள் உட்கார்ந்தார்கள். அதையொட்டி ஆய்வுக் கட்டுரைகளைத் திரட்டிப் பார்த்தபோது 33 வெவ்வேறு நோய்ப்பெயர்கள் கிடைத்தன. லண்டன் அறுவை மருத்துவர் கில்மோரின் பெயரில் வழங்கிய ஒன்றும் புழக்கத்தில் இருந்தது. எல்லாவற்றையும் ஓரம் வைத்துவிட்டு, கையால் தொட்டும் தசையை இயக்கிப் பார்த்தும் வலி எங்கிருந்து வருகிறதோ அந்த இடத்தின் பெயரை மட்டும் சொல்வது என்று ஒருமனதாக முடிவெடுத்தார்கள். காரணத்தைப் பெயரிலேயே தீர்ப்பாக எழுதிவிடுவதில்லை. நமக்கும் அதுதான் வழி. ‘அடக்டர் சார் கவட்டுவலி’ (அடக்டர் என்பது உறுப்பை நடுப்பக்கம் கொண்டுவந்து சேர்க்கும் தசை; இங்கே உள்தொடைத் தசை) என்பதில் ‘சார்ந்த’ என்ற பொருளில் வரும் ‘சார்’ ரொம்பச் சரியான ஒட்டு, அதை மாற்ற வேண்டாம்.

அப்புறம் அந்த அடக்டர். இதற்குத்தான் இந்த மடலே.

> ‘அகவாங்கி’, ‘உள்ளிழுதசை’ இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கலாம்.

இரண்டுமே என்ன செய்கிற தசை என்பதைக் காட்டவில்லை. உள்ளே இழுப்பது என்றால் எதன் உள்ளே? போன வாரம் அக்கா மகனை ஓர் உடலியக்க மருத்துவரிடம் கூட்டிப்போனேன். அவர் அவனை மல்லாக்கப் படுக்க வைத்து, முழங்காலை மடக்கச் சொல்லி, இரண்டு முழங்காலுக்கும் நடுவே தன் கைமுட்டியை வைத்தார். பிறகு சொன்னது ஒரே வார்த்தை: “இடுக்கு.” அவன் இடுக்கினான். உடனே முகம் சுளித்து, உள்தொடை எலும்போடு ஒட்டுகிற இடத்தில் விரலை வைத்துக் காட்டினான். அங்கேயே அழுத்திப் பார்த்தார், அங்கும் வலி. சோதனை முடிந்தது.

வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அந்தச் சொல்தான் மனதில் ஓடியது. தலையணையைத் தொடைக்கு நடுவே இடுக்கிக்கொண்டு படுக்கிறோம். குடையைக் கக்கத்தில் இடுக்குகிறோம், அது தோளின் அடக்டர் வேலை. பேனாவை விரலிடுக்கில் இடுக்குகிறோம், அது விரல்களின் அடக்டர் வேலை. விரல் நடுவே ஒரு தாளை வைத்து, இழுத்தால் விடாமல் பிடிக்கச் சொல்லித்தான் மருத்துவர்கள் அந்தச் சிறு தசைகளைச் சோதிக்கிறார்கள். உடற்கூற்றியலார் ஒரே பெயரில் அடக்கிய மூன்று இடங்களையும் நம் வினைச்சொல் ஒன்று முன்பே சேர்த்துப் பிடித்திருக்கிறது.

ஆகவே என் பரிந்துரை இடுக்குதசை. அந்தச் சோதனை இடுக்குச் சோதனை. எதிர்த்தசைக்கு அகட்டுதசை, காலை அகட்டு என்பது எல்லோர் வாயிலும் உள்ளதுதானே. துண்டறிக்கையின் கடைசிப் பக்கத்தில் வரும் ‘கோபன்ஹேகன்’ பயிற்சியையும் இப்படி எழுதிப் பார்த்தேன்: “ஒருக்களித்துப் படுத்து முழங்கையை ஊன்றிக்கொள். நண்பன் உன் மேல்காலைப் பிடித்துக்கொள்வான். உடம்பை மேலே தூக்கி, கீழ்க்காலை மேல்காலோடு கொண்டுவந்து சேர். பிறகு மெதுவாக இறக்கு. வேலை செய்வது இடுக்குதசை.” விளக்கமே தேவைப்படவில்லை. இந்தப் பயிற்சியைச் செய்த நார்வே அணிகளில் கவட்டுத் தொல்லைக்கான வாய்ப்பு 41% குறைந்ததாக 2019 இல் வெளியான ஆய்வு சொல்கிறது. பையன்கள் இதைத் தவறாமல் செய்ய வேண்டும், அதற்குப் படித்தவுடன் புரிய வேண்டும்.

> ‘ஹிப்’ = இடுப்பு. இதில் என்ன குழப்பம்?

நிறைய இருக்கிறது அம்மா. “இடுப்பு வலி” என்றால் நம் ஊரில் முதுகின் அடிப்பக்கத்தைத்தான் பிடித்துக் காட்டுவார்கள். இந்த மூட்டில் கோளாறு வந்தாலோ பெரும்பாலும் முன்பக்கம் கவட்டில்தான் வலிக்கும். எப்போதும் ‘இடுப்பு மூட்டு’ என்று முழுதாகவே எழுதுவோம்.

ஓர் இடத்தில் நானே மாட்டிக்கொண்டு நிற்கிறேன். தோகா பட்டியலில் ‘இங்குவினல்’ சார்ந்த வலி தனி வகை. அகராதிகளில் அதற்கும் கவடு என்றே பொருள் வருகிறது. அப்படியே போட்டால் ‘கவட்டு சார் கவட்டுவலி’ ஆகிவிடும். அடிவயிற்றுச் சுவரின் ஓரத்தில் சாய்வாக ஓடுகிற, ஆண்களுக்கு விந்துநாளம் கடந்து போகிற அந்தக் குறுகிய வழியைத்தான் குறிக்க வேண்டும். ‘கவட்டுக்கால்வாய்’ என்று எழுதிப் பார்த்தேன், மனம் ஒப்பவில்லை. யாழ்ப்பாணத்து நண்பர்கள் பள்ளியில் இதை எப்படிப் படித்தீர்கள்? துண்டறிக்கை ஞாயிற்றுக்கிழமை அச்சுக்குப் போகிறது, அதற்குள் சொன்னால் சேர்த்துவிடுவேன்.

அன்புடன்