பொருள்: ப்ரொடக்‌ஷன் டிசைனர் – தமிழில் என்ன?

அனைவருக்கும் வணக்கம்.

ஜப்பானிய இயக்குநர் குரோசவாவின் படங்களைப் பற்றிய சிறு கையேடு ஒன்றை மொழிபெயர்க்கிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போக வேண்டும். 'தயாரிப்பு வடிவமைப்பாளர்' என்று எழுதினால் தயாரிப்பாளரின் ஆள் போல ஒலிக்கிறது. அந்தப் படங்களின் இடங்களையும் தோற்றத்தையும் அமைத்த யோஷிரோ முராகியை அப்படி எழுத மனம் வரவில்லை. 1957-இல் வந்த 'சிலந்திவலைக் கோட்டை'க்காக ஃபுஜி மலைச் சரிவில் கோட்டை கட்டினார்கள். உள்முற்றம் மட்டும் டோக்கியோ ஸ்டுடியோவில். இரண்டு தரையும் ஒன்றாகத் தெரிய வேண்டுமென்று ஃபுஜியின் கரிய எரிமலை மண்ணை ஸ்டுடியோவுக்கே அள்ளிவந்து கொட்டினார்கள். இந்த வேலைக்கு ஒரு சொல் சொல்லுங்கள்.

---

'கலை இயக்குநர்' இருக்கும்போது புதுச்சொல் எதற்கு? ஜப்பானியரே 'பிஜுத்சு கன்தொக்கு' என்கிறார்கள். பிஜுத்சு கலை, கன்தொக்கு இயக்குநர். அப்படியே நம் சொல்தான்.

---

அண்ணா, கையேட்டில் ஆர்ட் டைரக்டர் தனியாக வருகிறார், அதுவும் ஒரே வாக்கியத்தில். இரண்டுக்கும் ஒரே சொல் போட முடியாது.

---

அம்மா, 'அரங்கமைப்பாளர்' என்று யாராவது சொல்வதற்குள் மறுத்துவிடுகிறேன். சிலம்பின் அரங்கு எழுகோல் அகலம், எண்கோல் நீளம், ஒருகோல் உயரம். மூன்று எழினிகளோடு, அதாவது திரைகளோடு, அது முடிந்துவிடும். மலைச்சரிவு அதில் அடங்காது. 'முதல் எனப்படுவது நிலம் பொழுது இரண்டின் இயல்பு' என்கிறது தொல்காப்பியம். மண்ணை அள்ளிவந்தது நிலம். 'ராஷோமோன்' (1950) வாயிலுக்குச் செய்த 4,000 ஓடுகளிலும் கதை நடக்கும் பழங்காலத்து ஜப்பானிய ஆண்டுக்கணக்கில் 'என்ரியாக்கு 17-ஆம் ஆண்டு' என்று பொறித்தார்களே, அது பொழுது. படம் பார்ப்பவர் யாரும் அதைப் படிக்கப் போவதில்லை, ஆனாலும் பொறித்தார்கள். நிலமும் பொழுதும்தானே திணைக்கு அடிப்படை, ஆகவே 'திணையமைப்பாளர்'.

---

ஐயா, பொழுது என்றால் சிறுபொழுதும் பெரும்பொழுதும், அதாவது வேளையும் பருவமும். ஆண்டுக் கணக்கு அதில் எப்படி வரும்? அப்புறம், திணை என்றதும் பள்ளிப் பிள்ளைகள் உயர்திணை, அஃறிணைக்குப் போய்விடுவார்கள். சினிமா பார்க்க வருகிறவருக்குப் புரிகிற சொல் வேண்டும். 'களவடிவமைப்பாளர்' என்று வைக்கலாம். கதைக்களம், போர்க்களம், நெற்களம் எல்லாம் வழக்கில் இருப்பவைதானே?

---

ஒட்டி எழுதினால் 'களவு' என்று கண் படிக்கிறது. பிரித்து எழுதுங்கள்.

---

சரி, 'கள வடிவமைப்பாளர்' என்றே போடுகிறேன். நான்கு பேர் ஒப்புக்கொண்டீர்கள், எனக்கும் நேரமில்லை. ஐயா, கோபிக்காதீர்கள்.

---

கோபமில்லை அம்மா. ஆனால் களத்தில் நிலம் இருக்கிறது, காலம் இல்லை. முராகியின் மண்ணுக்கு உங்கள் சொல் பொருந்தும், அந்த ஓடுகளுக்குப் பொருந்தாது. 'காலக்களம்' என்று ஏதாவது அமையுமா என்று பார்க்கிறேன். வெள்ளிக்குள் கிடைத்தால் எழுதுகிறேன்.