டொமினிக்கா நடைப்பயணம்: வழிகாட்டி பற்றிக் கேட்டதற்குப் புதுப்பிப்பு

கரீபியன் கடலில் உள்ள டொமினிக்கா தீவில் (டொமினிக்கன் குடியரசு இல்லை, இது வேறு நாடு) எந்தப் பாதைக்கு வழிகாட்டி வைத்துக்கொள்வது என்று முன்பு கேட்டிருந்தேன். போய் வந்துவிட்டேன். பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி.

எரிமலைச் சூட்டில் நீர் கொதிக்கும் ‘கொதிக்கும் ஏரி’க்குத்தான் (Boiling Lake) போனேன். மோர்ன் ட்ருவா பிட்டோன் தேசியப் பூங்காவுக்குள் இருக்கிறது; 1997 முதல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் உள்ள பூங்கா. லௌடா ஊருக்குப் பக்கத்தில் டிட்டூ கோர்ஜ் என்ற குறுகிய மலையிடுக்கில் நடக்கத் தொடங்கினால், போய்த் திரும்ப ஏறக்குறைய ஒரு பகல் முழுக்கப் பிடிக்கும். இதற்கு வழிகாட்டி இல்லாமல் போகவே கூடாது என்பேன். வழியில் வரும் பாழ்வெளிப் பள்ளத்தாக்கில் பாதை என்று தெளிவாக எதுவும் கிடையாது. கந்தக ஆவி புகைகிறது, காலடியில் வெந்நீர் ஓடுகிறது. எந்தத் தரை தாங்கும், எது தாங்காது என்பது பழகிய உள்ளூர்க்காரருக்குத்தான் தெரியும். நான் விசாரித்தவர்களில், மழை வலுத்தால் பாதியில் திரும்பிவிடுவோம் என்று முதலிலேயே சொன்னவர் ஒருவர்தான். அதற்காகவே அவரைத் தேர்ந்தெடுத்தேன். சிறிய குழு என்பதால், மூச்சு வாங்கியபோதெல்லாம் நின்று நின்று கூட்டிப் போனார்.

ட்ரஃபால்கர் அருவிக்கு வழிகாட்டி தேவையில்லை; பார்வை மேடை வரை எளிதான நடை. அப்புறம், ஏரிக்குப் போய்வர ஒரு பகல் பிடிப்பதால், சுற்றுலாக் கப்பலில் வந்து இறங்குபவர்கள் ஏரிப் பயணத்துக்குப் பணம் கட்டும் முன் கப்பல் புறப்படும் நேரத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள்.