தம்பி வழக்கு: விடுவிப்பு மனுவா, உயர் நீதிமன்றமா? வழக்கறிஞர்கள் வழி சொல்லுங்கள்

வணக்கம். என் தம்பி ஒரு திருட்டு வழக்கில் நான்காவது எதிரி (குற்றம் சாட்டப்பட்டவன்). எஃப்.ஐ.ஆரில் அவன் பெயர் இல்லை. குற்றப்பத்திரிகை நகல் கைக்கு வந்து 22 நாள் ஆகிறது. இரவெல்லாம் உட்கார்ந்து படித்தேன். சாட்சிகள் 14 பேர். அவன் பெயரைச் சொல்வது ஒரே ஒரு தாள்: முதல் எதிரி போலீசிடம் கொடுத்ததாகச் சொல்லும் வாக்குமூலம். தம்பியிடமிருந்து ஒரு பொருளும் கைப்பற்றப்படவில்லை.

போலீசிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம் சாட்சியமாகாது என்று சாட்சியச் சட்டமான பாரதிய சாட்சிய அதினியத்தின் 23ஆம் பிரிவு சொல்கிறது. அதை நீக்கிவிட்டால் அவனுக்கு எதிராக மிஞ்சுவது என்ன?

மாஜிஸ்திரேட் முன் உள்ள வழக்கு. குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ். 262ஆம் பிரிவின்படி நகல் கிடைத்த 60 நாளுக்குள் விடுவிப்பு மனு (சாட்சி விசாரணைக்கு முன்பே வழக்கிலிருந்து விடுவிக்கக் கேட்பது) போட வேண்டும். எங்கள் வக்கீலோ நேராக உயர் நீதிமன்றம் போய் அதே சட்டத்தின் 528ஆம் பிரிவில் வழக்கையே ரத்து செய்யக் கேட்கலாம் என்கிறார். 1978இல் பிரபுல்ல குமார் சமல் வழக்கில் உச்ச நீதிமன்றம், குற்றச்சாட்டைப் பதிவு செய்ய வெறும் சந்தேகம் போதாது, பலத்த சந்தேகம் வேண்டும் என்றது. ஆனால் சாட்சியத்தை எடைபோடுவது விசாரணையில்தான் என்றும் பல தீர்ப்புகள் உண்டு. 'பலவீனமான சாட்சியம்' எங்கே முடிந்து 'சாட்சியமே இல்லை' எங்கே தொடங்குகிறது? எனக்குப் பிடிபடாத இடம் இதுதான்.

உயர் நீதிமன்ற மனு நிலுவையில் இருக்கும்போதே 60 நாள் கடந்துவிட்டால் விடுவிப்பு கேட்கும் வழி அடைபடுமா? இதேபோல் சக எதிரியின் வாக்குமூலம் மட்டுமே இருந்த வழக்கை நடத்தியவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள். தம்பி வாய்தாவுக்கு வாய்தா வேலையை விட்டுவிட்டுப் போய் நிற்கிறான்.