ஆவணப்படம் எடுத்தே ஒருவர் காலம் தள்ள முடியுமா?

கருங்கல்: போன வாரம் ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனின் 'ஜெய் பீம் காம்ரேட்' பார்த்தேன் (சூர்யா படம் இல்லை, இது 2011ல் வந்தது). மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடுகிறது, பாதியில் நிறுத்திவிட்டு மீதியை நாளை பார்க்கலாம் என்று உட்கார்ந்தவன் எழுந்திருக்கவே இல்லை. 14 வருடம் எடுத்தாராம். அவ்வளவு காலம் ஒரே படத்தோடு இருந்தால் வீட்டு வாடகையை யார் கொடுப்பார்கள்? எங்கள் ஊர்க் கல்குவாரியில் வேலை செய்பவர்களைப் படமாக்க எனக்கும் ஓர் எண்ணம் இருக்கிறது. பிழைப்பு கல்யாண வீடியோ. கேமரா கையில் இருக்கிறது, தைரியம்தான் இல்லை.

தறிக்காரன்: 14 வருடம் என்று அவர் திட்டம் போட்டு இறங்கியது இல்லை. 1985ல் பம்பாய் குடிசைகளை இடித்துத் தள்ளியதைப் பற்றி ஒரு படம் எடுத்தார், அதில் பாடியவர் விலாஸ் கோக்ரே என்ற தலித் பாடகர். 1997 ஜூலையில் பம்பாயின் ரமாபாய் நகர் குடியிருப்பில் அம்பேத்கர் சிலைக்கு யாரோ செருப்பு மாலை போட, ஜனங்கள் தெருவில் திரண்டார்கள், போலீஸ் சுட்டதில் 10 பேர் செத்தார்கள். சில நாளில் விலாஸ் உயிரை மாய்த்துக்கொண்டார். இடதுசாரி மேடைகளில் பாடிக்கொண்டிருந்த மனிதர் கடைசியில் தலையில் நீலத்துணி கட்டியிருந்தார், அம்பேத்கர் இயக்கத்தின் நிறம் அது. அது ஏன் என்று தேடித்தான் பட்வர்தன் கேமராவைத் தூக்கினார். வழக்கு இழுத்துக்கொண்டே போனது, சுட உத்தரவிட்ட அதிகாரிக்குத் தண்டனை வந்ததே 2009ல், பிறகு அவருக்கு ஜாமீனும் கிடைத்தது. அதற்கு முன்னால் படத்தை எங்கே முடிப்பது, சொல்லுங்கள்? முடித்ததும் அதே மாதிரிக் குடியிருப்புகளில் திரை கட்டிப் போட்டுக் காட்டினார்.

பழையரீல்: காசு விஷயத்துக்கு வருகிறேன். தொடக்கத்திலிருந்தே மனிதர் கையில் இருப்பதை வைத்துத்தான் ஓட்டியிருக்கிறார். 1974ல் பீகாரில் ஜே.பி. (ஜெயப்பிரகாஷ் நாராயண்) இயக்கத்தைப் படம் பிடித்தது இரவல் வாங்கிய சூப்பர் 8 என்ற சின்ன ஃபிலிம் கேமராவில். அதைத் திரையில் ஓட்டி, ஓடுவதை அதைவிடப் பெரிய 16 எம்எம் ஃபிலிமில் மறுபடி எடுத்தார்கள். எமர்ஜென்சி வந்ததும் பிரிண்டைத் துண்டு துண்டாக்கி வெளிநாட்டுக்குக் கடத்த வேண்டியதாயிற்று. அப்புறமும் கேமராவும் எடிட்டிங்கும் பெரும்பாலும் அவரேதான், ஆள் கூலி மிச்சம். டிவிடி விற்றார். படம் எடுப்பது பாதி வேலை என்றால் கோர்ட் மீதிப் பாதி. அணுகுண்டு பற்றிய படத்தில் சென்சார் 21 வெட்டு கேட்டது, 2003ல் பம்பாய் உயர்நீதிமன்றம் ஒரு வெட்டும் இல்லாமல் விட்டது. இன்னொரு படத்தை ஒளிபரப்பச் சொல்லி தூர்தர்ஷனுக்கு 2006ல் உச்சநீதிமன்றமே உத்தரவு போட்டது. 1994ல் எடுத்த படம் அது!

செவ்வந்தி: எல்லாம் சரி அண்ணே, ஆனால் அவர் வீட்டையும் பாருங்கள். பெரியப்பா அச்யுத் பட்வர்தன், சுதந்திரப் போராட்டத்தில் பெயர் பெற்றவர். இவர் அமெரிக்காவிலும் கனடாவிலும் படித்தவர். வாடகைக் கவலை நமக்கு இருக்கிற மாதிரி அவருக்கு இருந்திருக்காது. இதைச் சொல்லாமல் தியாகக் கதை மட்டும் சொன்னால், கல்யாண வீடியோ எடுக்கிற தம்பி வேலையை விட்டுவிட்டு நடுத்தெருவில் நிற்பார். நம்ம ஊரில் திவ்யபாரதி 2017ல் மலம் அள்ளும் தொழிலாளர்களைப் பற்றி 'கக்கூஸ்' எடுத்தபோது திரையிட அனுமதி மறுத்தார்கள், யூடியூபில் ஏற்ற வேண்டியதாயிற்று, அதற்கும் மிரட்டல், வழக்கு. பெரிய வீட்டுப் பெயர் துணைக்கு இல்லாதவர்களுக்கு இந்த வேலையின் விலையே வேறு. ஒன்று மட்டும் பட்வர்தனிடம் எனக்குப் பிடிக்கும்: அந்த 1985 படத்தில் ஒரு பெண், எங்களைப் படம் பிடித்து என்ன செய்யப்போகிறாய் என்று அவரிடமே சண்டைக்கு வருவார். அதை வெட்டாமல் வைத்திருக்கிறார்.

கருங்கல்: செவ்வந்தி அக்கா, கல்யாண வீடியோவை விடமாட்டேன், பயப்படாதீர்கள். முகூர்த்தம் இல்லாத மாதங்களில் எடுக்கலாம் என்று பார்க்கிறேன். ஆடி, மார்கழியில் எப்படியும் சும்மாதான் இருக்கிறேன்.

தறிக்காரன்: நல்லது. கல் உடைக்கும் கிரஷர் ஓடும்போது பேச வைக்காதீர்கள் தம்பி, ஒன்றும் காதில் விழாது. மாலையில் வீட்டுக்குப் போங்கள், முதல் சில தடவை கேமரா இல்லாமலே போங்கள். முகத்தைக் காட்டலாமா என்று எடுக்கும்போது கேட்டால் போதாது, எடிட் முடிந்ததும் போட்டுக் காட்டி இன்னொரு தரம் கேளுங்கள். படம் வெளியே வந்த மறுநாள் குவாரிக்காரர் யாரை வேலைக்கு வரவேண்டாம் என்பார் என்று அவர்களுக்குத்தான் தெரியும்.