மறுமொழி: கதையில் வரும் காலக் கழகத்துக்கு ஒரு கலைச்சொல்

நண்பர்களுக்கு வணக்கம்.

> கொடைக்கானலில் காலத்தை ஆராயும் கழகம் ஒன்றைக் கற்பனை செய்து கதை எழுதுகிறேன். முற்றத்தில் சூரியக் கடிகாரம், பக்கத்தில் ஒரு பலகை. நிழல் காட்டும் மணியும் கைக்கடிகார மணியும் ஒத்துப்போகாதே, அந்த 'ஈக்வேஷன் ஆஃப் டைம்' என்பதைப் பலகையில் தமிழில் எப்படி எழுதலாம்?

'நேரச் சமன்பாடு' என்று ஒரு மறுமொழி வந்திருக்கிறது. புழக்கத்தில் உள்ள சொல்தான், ஆனாலும் எனக்கு ஒப்பவில்லை. சமன்பாடு என்றதும் பள்ளிப் பிள்ளை சமக்குறியைத் தேடும். இங்கே இருப்பது ஓர் அளவு. இத்தனை நிமிடம் கூட்டு, இத்தனை நிமிடம் கழி, அவ்வளவுதான் சங்கதி.

கொடைக்கானலை வைத்தே பார்ப்போம். நம் கடிகாரங்கள் 82.5 பாகை கிழக்குத் தீர்க்கரேகையின் நேரத்தைக் காட்டுகின்றன. ஊர் இருப்பதோ ஏறக்குறைய 77.5 பாகையில். பாகைக்கு 4 நிமிடம் வீதம் 20 நிமிடம் தாமதம். இது ஊரைப் பொறுத்தது, ஆண்டு முழுக்க மாறாது. பஞ்சாங்கக்காரர்கள் தேசாந்தரம் என்பார்கள். நாம் பெயர் தேடுவது இதன் மேல் வந்து சேரும் இன்னொரு அளவுக்கு. பூமி சுற்றும் பாதை நீள்வட்டம். அதன் அச்சோ 23.4 பாகை சாய்ந்திருக்கிறது. இந்த இரண்டும் சேர்ந்து நவம்பர் தொடக்கத்தில் சூரியனை 16 நிமிடம் முந்த வைக்கின்றன, பிப்ரவரி நடுவில் 14 நிமிடம் பிந்த வைக்கின்றன. ஆக, கொடையில் சூரியன் உச்சிக்கு வருவது நவம்பரில் 12.04 மணிக்கு, பிப்ரவரியில் 12.34 மணிக்கு. அரை மணி நேர ஊசலாட்டம்!

பழைய சோதிட கணித மரபு இந்த இரண்டு காரணங்களையும் புஜாந்தரம், உதயாந்தரம் என்று தனித்தனியாகவே கணக்கிட்டது. இந்திப் பஞ்சாங்கங்களில் மொத்தத்துக்கும் 'வேலாந்தரம்' என்ற பெயர் உண்டு. அதையே எடுத்துக்கொள்ளலாம் என்று இங்கே மறுமொழி எழுதிய கோத்தகிரி அம்மா சொன்னது யோசிக்க வேண்டியதுதான். ஆனால் 'வேலா' என்று தொடங்கினால் பழனி மலைப் பக்கம் முருகனைத்தான் நினைப்பார்கள். பொருள் பிடிபடாது.

என் பரிந்துரை: பொழுது விலகல்.

பொழுது என்றால் நமக்குச் சூரியனும்தான், நேரமும்தான். 'பொழுது சாய்ந்தது' என்கிறோம், 'அந்தப் பொழுதில்' என்றும் சொல்கிறோம். இந்த அளவே அந்த இரண்டுக்கும் இடைப்பட்ட விவகாரம் என்பதால் இதைவிடப் பொருத்தமான முதற்சொல் எனக்குத் தெரியவில்லை. புள்ளியியலில் திட்ட விலக்கம் இருக்கிறதே, குழம்பாதா என்று கேட்டால், முன்னால் பொழுது நிற்கிறது, குழம்பாது. அப்புறம், மிகைக்குப் பொழுது முந்தல், குறைக்குப் பொழுது பிந்தல் என்று குடும்பமாகவே சொற்கள் கிடைத்துவிடுகின்றன. 'நிழலில்லா நாள்' எவ்வளவு எளிதாகப் பிள்ளைகள் வாயில் ஏறியது! இதுவும் அப்படி ஏற வேண்டும்.

கதைக்காகவும் இரண்டு வார்த்தை, ஐயா. 1901 முதல் வானாய்வகம் சூரியனைப் பார்த்துவரும் மலையில் உங்கள் கழகத்தை வைத்திருக்கிறீர்கள், அருமை. ஆனால் மாணவர்கள் நிழல் அளக்கும் காட்சியை நவம்பரில் வைக்காதீர்கள். வடகிழக்குப் பருவமழைக் காலம். மூடுபனி இறங்கிவிட்டால் முற்றத்துக் கம்பியே தெரியாது, நிழலுக்கு எங்கே போவது? பிப்ரவரி வெயில்தான் சரி. இன்னும் நல்லது ஏப்ரல் நடுப்பகுதி. சித்திரை பிறந்த கையோடு பொழுது விலகல் சுழியாகிவிடும். கொடையின் நிழலில்லா நாளும் அதை ஒட்டியே வருகிறது. 12.20 மணிக்கு, செங்குத்தாக நட்ட கம்பியின் நிழல் அதன் அடியிலேயே ஒடுங்கிவிடும். கழகத்தின் ஆண்டு விழாவுக்கு அதைவிட நல்ல நாள் அமையாது.

பலகையில் இப்படி எழுதலாம்: 'கடிகார மணி = நிழல் மணி + 20 நிமிடம் − பொழுது விலகல். முந்தலுக்குக் கூட்டல் குறி, பிந்தலுக்குக் கழித்தல் குறி.' கீழே மாதவாரியாக ஒரு பட்டியல்.

'பொழுதுவிலகல்' என்று சேர்த்து எழுதுவதா, பிரித்தா? எனக்குப் பிரித்து எழுதுவதே படிக்கச் சுலபமாக இருக்கிறது. மற்றவர்கள் சொல்லுங்கள்.