‘ஃபைண்ட் ஆல் ரெஃபரன்சஸ்’: தமிழில் என்ன சொல்வது?

மடல் 1: மொழிபெயர்ப்பாளர்

குழுவினருக்கு வணக்கம்.

நிரல் எழுதும் எடிட்டர் ஒன்றின் பட்டிச் (மெனு) சொற்களை வரும் வெள்ளிக்கிழமைக்குள் முடித்துத் தரவேண்டியுள்ளது. எல்லாம் முடிந்து ஒரு சொல் மட்டும் இழுக்கிறது. ஒரு செயற்கூறு (ஃபங்ஷன்) நிரல்தொகுப்பு முழுவதிலும் எங்கெங்கே அழைக்கப்படுகிறது என்று காட்டும் ‘ஃபைண்ட் ஆல் ரெஃபரன்சஸ்’ கட்டளை, பழைய மொழிபெயர்ப்பில் ‘எல்லாக் குறிப்புகளையும் கண்டறி’ என்று இருக்கிறது. இதை ஒரு கல்லூரி ஆய்வகத்தில் காட்டியபோது, மாணவி ஒருவர் அழுத்திப் பார்த்துவிட்டு, “நான் குறிப்பே எழுதவில்லையே சார், இத்தனை வரி எங்கிருந்து வந்தது?” என்று கேட்டார். இரட்டைச் சாய்கோட்டுக்குப் பின் எழுதும் விளக்கத்தையே அங்கே குறிப்பு என்று கற்பிக்கிறார்கள். ஆகவே பிழை அவருடையதன்று. நல்ல சொல் தருக.

மடல் 2: ஓய்வுபெற்ற தமிழ்ப் பேராசிரியர்

அன்புடையீர்,

இதற்குப் புதுச்சொல் படைக்கவேண்டிய தேவையே இல்லை. ஒரு சொல் ஒரு நூலில் எங்கெங்கே ஆளப்பட்டுள்ளது என்பதை ‘ஆட்சி’ என்றே சொல்லடைவுகளில் குறித்து வந்திருக்கிறோம். சொல்லாட்சி என்பது எல்லோரும் அறிந்ததே. எனவே ‘ஆட்சியிடங்களைக் காட்டு’ என்க.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். சொல்லடைவு செய்பவன் ‘கண்’ என்னும் சொல்லைத் தொகுக்கும்போது, முகத்திலுள்ள கண்ணையும் ஏழாம் வேற்றுமைக் கண்ணையும் தனித்தனிப் பதிவாக்குவான். கண்ணனுக்குள் இருக்கும் கண்ணை இரண்டிலும் சேர்க்கமாட்டான். எழுத்து ஒன்றாயிருப்பதால் மட்டும் சொல் ஒன்றாகிவிடாது என்பதே அடைவுப் பணியின் அரிச்சுவடி. உங்கள் கருவியும் இதைத்தானே செய்கிறது?

மடல் 3: நிரலர்

ஐயா, இதைத்தான் செய்கிறது. கோப்புகளில் எழுத்துத் தொடரைத் தேடும் கிரெப் என்ற கருவி செய்யாதது இதுவே. 1973இல் கென் தாம்சன் யூனிக்ஸ் இயங்குதளத்துக்கு எழுதிக் கொடுத்த அந்தக் கருவிக்கு எழுத்துத் தொடர் மட்டுமே தெரியும். ‘ரீட்’ என்ற செயற்கூற்றைத் தேடினால், அதே நான்கு ஆங்கில எழுத்துகள் உள்ளே கிடக்கும் ‘த்ரெட்’டும் ‘ஸ்ப்ரெட்’டும் சேர்ந்து வந்து கொட்டும். லினக்ஸ் கருநிரல் மூன்று கோடி வரிகளைத் தாண்டியது. அதில் இப்படித் தேடினால் படித்து முடிக்க ஆயுள் போதாது. சொல் எல்லையைக் குறிப்பிட்டுத் தேடினால் ‘த்ரெட்’ போகும். ஆனால் வேறொரு கோப்பில் அதே பெயரில் உள்ள வேறொரு ‘ரீட்’ போகாது. அதைப் பிரிக்க, நிரலின் இலக்கணத்தை அறிந்த கருவி வேண்டும்.

ஆகவே பட்டியில் இருக்கும் இரண்டு கட்டளைகளுக்கும் இரண்டு பெயர்கள் வேண்டும்: எழுத்தைத் தேடுவதற்கு ஒன்று, பொருளறிந்து தேடுவதற்கு ஒன்று. ஆனால் ‘ஆட்சி’ வேண்டாம் ஐயா. ‘எல்லா ஆட்சிகளையும் காட்டு’ என்று பட்டியில் இருந்தால், தேர்தல் முடிவு வரப்போகிறதென்று நினைப்பார்கள். ‘அடைவு’ என்ற சொல்லையும் கோப்புகள் அடங்கும் டைரக்டரிக்கு முன்பே சிலர் கொடுத்துவிட்டார்கள்.

மடல் 4: சொல்லாய்வு ஆர்வலர்

கிரெப்புக்கு என் பரிந்துரை ‘அரித்தெடு’. பாத்திரத்தில் நீரூற்றி அரிசியைச் சுழற்றிச் சுழற்றி அடுத்த பாத்திரத்துக்குத் தள்ளினால், கல் அடியில் தங்கும்; இதுவே அரித்தல். பயன்படாததைக் கழித்து வேண்டியதை எடுக்கும் இந்த வினை, தமிழர் அடுக்களையில் நாள்தோறும் நடப்பது. அரி என்பதற்கு நறுக்குதல் என்றும் பொருளுண்டு. அரிவாளும் அரிவாள்மணையும் அதன்வழி வந்தவை. அரிசியையும் இதே வேரில் வைக்கலாம் என்பது என் துணிபு. சல்லடையைவிட அரிப்பு நுண்ணியது என்பதையும் நோக்குக.

மடல் 5: நிரலர்

அரிப்பு என்று பட்டியில் போட்டால் மாணவர்கள் மருந்து கேட்பார்கள். அதிருக்கட்டும், கிரெப்பில் நாம் தேடிய வரி கல்லா, அரிசியா? பொருந்தாத வரிகளை மட்டும் காட்டச் சொல்லும் தெரிவு ஒன்றும் அதில் இருக்கிறது. அப்போது கல்லும் அரிசியும் இடம் மாறிவிடுமே?

மடல் 6: பள்ளி ஆசிரியை

நண்பர்களே, வெள்ளி நெருங்குகிறது. கேள்வி கிரெப்பைப் பற்றியதன்று. எழுத்துத் தேடலை ‘உரையில் தேடு’ என்று விட்டுவிடலாம், யாருக்கும் விளக்கவேண்டியதில்லை. மற்றதற்கு ‘வருமிடங்களைக் காட்டு’ என்பது போதும். ‘இந்தச் சொல் பாடத்தில் எங்கெங்கே வருகிறது?’ என்று ஆறாம் வகுப்பிலேயே கேட்கிறோம். எனவே பிள்ளைகளுக்குப் பழகிய பேச்சு இது. ஆட்சி நல்ல சொல்தான், ஆனால் விளக்கவுரையோடு வரவேண்டிய சொல் பட்டியில் நிற்காது.

மடல் 7: பேராசிரியர்

அம்மையார் சொல்வது எளிது; ஆனால் எளிமைக்கு ஒரு விலை உண்டு. ஒரு செயற்கூறு வரையறுக்கப்படும் இடத்திலும் அதன் பெயர் வருகிறது அல்லவா? அப்படியானால் அதுவும் வருமிடமே. ஆட்சி என்றால் அந்த ஐயம் எழாது. ஒன்றை ஆக்குவது வேறு, ஆள்வது வேறு.

மடல் 8: நிரலர்

ஐயா தற்செயலாகச் சரியான இடத்தில் கைவைத்துவிட்டார். எடிட்டர்களும் மொழி ஆய்வுக் கருவிகளும் பேசிக்கொள்வதற்கு மைக்ரோசாஃப்ட் 2016இல் வெளியிட்ட நெறிமுறையில், இந்தக் கோரிக்கையோடு ‘அறிவிப்பு இடத்தையும் சேர்க்கவா, வேண்டாமா’ என்று ஒரு புலம் தனியாக இருக்கிறது. அவர்களாலும் ஒரே சொல்லில் அதை முடிக்க முடியவில்லை. ஆகவே ‘வருமிடம்’ செய்யும் குழப்பம் மூலத்திலேயே உள்ள குழப்பம்தான். எனக்கு அது போதும்.

மடல் 9: மொழிபெயர்ப்பாளர்

நன்றி. நால்வர் ‘வருமிடம்’ என்றும், இருவர் ‘ஆட்சியிடம்’ என்றும் தனிமடலில் எழுதியிருந்தனர். ஒருவர் ‘ரெஃபரன்ஸ்’ என்றே விடச் சொன்னார். இன்று மாலை ‘எல்லா வருமிடங்களையும் காட்டு’ என்று பதிவேற்றிவிட்டேன். ‘வரையறைக்குச் செல்’ என்ற மற்றொரு கட்டளையில் கைவைக்கவில்லை.

மடல் 10: பேராசிரியர்

பதிவேற்றியது குறித்து மகிழ்ச்சி. என் மறுப்பைக் குழுவின் ஆவணத்தில் சேர்த்துவிடுங்கள். ‘வருமிடம்’ என்பதன் பன்மையாக ‘வருமிடங்கள்’ என எழுதியுள்ளீர்கள். முன்னே ‘எல்லா’ இருக்கையில் ‘கள்’ மிகை என்பது பற்றித் தனியே எழுதுகிறேன்.